பிடிஎஃப் பில்லும் ஏஜிபிஎல் லைசென்ஸும்

நாங்கள் மூன்று பேர் சேர்ந்து மளிகைக் கடைகளுக்கான பில்லிங் மென்பொருள் விற்கிறோம். கடைக்காரர் பிரௌசரில் பில் போட்டால், எங்கள் சர்வரில் பிடிஎஃப் உருவாகும். பெரிய வாடிக்கையாளர் ஒருவர் ஒப்பந்தத்துக்கு முன், நாங்கள் பயன்படுத்தும் பிறர் எழுதிய நிரல் தொகுப்புகள், அதாவது லைப்ரரிகள், எவை, அவற்றுக்கு என்னென்ன லைசென்ஸ் என்று பட்டியல் கேட்டார். எடுத்துப் பார்த்தால், பிடிஎஃப் உருவாக்கும் லைப்ரரியான ஐடெக்ஸ்ட் 5-க்கு நேராக ஏஜிபிஎல் என்ற திறந்த மூல லைசென்ஸ் இருந்தது. அதைச் சேர்த்தவன் நான்தான். லைசென்ஸைப் படிக்காமலே சேர்த்திருந்தேன்.

அன்று இரவே உட்கார்ந்து படித்தேன். அதன் மூத்த உரிமமான சாதாரண ஜிபிஎல்லில் மென்பொருளைப் பிறர் கையில் கொடுத்தால்தான் அதன் சோர்ஸ், அதாவது மூல நிரல், கொடுக்கும் கடமை வரும். சர்வரிலேயே ஓட்டினால் வராது. அந்த இடைவெளியை அடைக்க வந்ததுதான் 2007-இன் ஏஜிபிஎல் 3. ஐடெக்ஸ்ட் 2009 கடைசியில், 5-ஆம் பதிப்போடு, எம்பிஎல், எல்ஜிபிஎல் என்ற தளர்வான உரிமங்களை விட்டு இதற்கு மாறியது. அதாவது, உன் சோர்ஸைத் திற, இல்லையென்றால் வணிக உரிமம் வாங்கு. எனக்கு இது நியாயமாகவே பட்டது. நாங்களும் பணம் வாங்கித்தானே விற்கிறோம்? திறந்த மூலமாக எழுதுபவர்களுக்கு இலவசம், மூடிவைத்து விற்பவர்களின் காசில் லைப்ரரி வளரும்.

ஆனால் எங்களுக்கு இன்னொரு தேவை இருந்தது: தமிழ். எழுத்துகளைக் கோத்துத் தரும் வசதி இல்லாவிட்டால் 'கோதுமை'யில் ககரத்துக்கு முன்னால் நிற்கவேண்டிய இரட்டைக் கொம்பு பின்னால் போய்விடும். பிந்தைய பதிப்பான ஐடெக்ஸ்ட் 7-இல் அதைச் சரிசெய்வது பிடிஎஃப்கேலிகிராஃப் என்ற கூடுதல் தொகுப்பு. நாங்கள் பார்த்தபோது அது கட்டணத்துக்கு மட்டும்தான் கிடைத்தது. பில்லில் தமிழ் ஒழுங்காக வருவது ஒரு கடைக்காரருக்கு எவ்வளவு முக்கியம் என்பதை நேரில் பார்த்தவன் நான். அதை விட்டுக்கொடுக்க மனம் வரவில்லை.

எங்கள் வருமானத்துக்கு வணிக உரிமம் கட்டுப்படியாகவில்லை. சோர்ஸைத் திறக்கப் பங்காளிகள் இருவரும் ஒப்பவில்லை. மிஞ்சியது ஓப்பன்பிடிஎஃப்: ஐடெக்ஸ்டின் பழைய நிரலிலிருந்து கிளைத்தது, எல்ஜிபிஎல், எம்பிஎல் உரிமங்களில் கிடைப்பது. அதிலுள்ள லேஅவுட்பிராசசர் என்ற பகுதி, எழுத்துகளைக் கோக்கும் வேலையை நிரல்மொழியான ஜாவாவிடமே விட்டுவிடுகிறது. ஜாவா 9 முதல் அதற்குள் அந்த வேலையைச் செய்வது ஹார்ஃப்பஸ் என்ற திறந்த மூல லைப்ரரி.

மாற்றி எழுதப் பதினொரு நாள் ஆயிற்று. அட்டவணைகள்தான் உயிரை வாங்கின. பத்தாம் நாள் 'கோதுமை', 'நெய்', 'கொத்தமல்லி' மூன்றும் பிசகாமல் அச்சாகி வந்தன. அந்தத் தாளை இன்னும் வைத்திருக்கிறேன். இப்போது நாங்கள் அனுமதித்த பட்டியலில் இல்லாத லைசென்ஸோடு எந்த லைப்ரரி உள்ளே வந்தாலும், மென்பொருளைத் தொகுக்கும் பில்டு நின்றுவிடும்படி செய்துவிட்டோம்.