கோணத்தை விடுங்க, முதல்ல பக்கத்தைப் பாருங்க

லீவுக்குக் காரைக்குடி வந்தால் அக்கா மகளின் கணக்கு நோட்டிலிருந்து தப்பிக்க முடியாது. இந்த முறை இருசமபக்க முக்கோணம். உச்சிக் கோணம், அதாவது சம பக்கங்கள் இரண்டும் சந்திக்கிற கோணம், 40° என்றால், 180-இல் 40 போக 140, அதில் பாதி 70 என்று டக்கென்று சொல்லிவிடுகிறாள். அதே படத்தைப் பக்கவாட்டில் சாய்த்து வரைந்தால் போச்சு. "கீழ இருக்கிற ரெண்டும்தானே மாமா சமம்?"

இவளைச் சொல்லிக் குற்றமில்லை, எப்போதும் நிமிர்ந்து நிற்கிற முக்கோணத்தையே பார்த்துப் பழகிய கண்.

முகப்பில் பதித்த ஆத்தங்குடி டைல்ஸ் ஒன்றில் மூலைக்கு மூலை நூலைப் பிடிக்கச் சொன்னேன். சதுரத்தின் இரண்டு ஓரங்கள் சமம், அவை சந்திக்கும் இடத்தில் 90°, மிச்சம் 45, 45. சுற்றி வந்து எந்தப் பக்கம் நின்று பார்த்தாலும் அந்த 90° அதே மூலையில்தான். சம பக்கங்களுக்கு எதிரே இருக்கும் கோணங்கள்தான் சமம், மேலே கீழே என்பதெல்லாம் கிடையாது. யூக்ளிட் முதல் புத்தகத்திலேயே 5-ஆவது தேற்றமாக இதை நிறுவிவிட்டார்.

அப்புறம் இன்னொரு வம்பு: 'ஒரு கோணம் 50°' என்று மட்டும் கொடுத்தால் விடை ஒன்றல்ல. அது உச்சியில் இருந்தால் மற்றவை 65, 65. அடியில் இருந்தால் இன்னொரு 50-உம் ஒரு 80-உம். 100° கொடுத்தால் இந்தக் குழப்பமே இல்லை, இரண்டு 100 சேர்ந்தாலே 180-ஐத் தாண்டிவிடும், ஆக அது உச்சிதான்.

எனக்குப் பிடித்தது ஒரு கோணமும் கொடுக்காத கணக்கு. முக்கோணம் ஏபிசி-யில் ஏபி = ஏசி. ஏசி மேல் டி என்ற புள்ளி, ஏடி = பிடி = பிசி. கோணம் ஏ எவ்வளவு?

"ஒண்ணுமே தரலையே மாமா!" பக்கங்களைத் தந்திருக்கிறார்களே. ஏ-யை எக்ஸ் என்று வையுங்கள். ஏடி = பிடி, அதனால் கோணம் ஏபிடி-யும் எக்ஸ். பிடிசி, முக்கோணம் ஏபிடி-யின் வெளிக்கோணம்; எதிரே உள்ள இரண்டு உள்கோணங்களின் கூட்டுத்தொகைக்குச் சமம், எனவே 2 எக்ஸ். பிடி = பிசி என்பதால் கோணம் சி-யும் 2 எக்ஸ், ஏபி = ஏசி என்பதால் முழுக் கோணம் பி-யும் 2 எக்ஸ். மொத்தம் 5 எக்ஸ் = 180, எக்ஸ் = 36.

உள்ளே இருக்கும் சின்ன முக்கோணம் பிசிடி-யைக் கவனியுங்கள், அதுவும் 36, 72, 72 தான். ஒழுங்கு ஐங்கோணத்தில் ஒரே முனையிலிருந்து இரண்டு மூலைவிட்டம் போட்டால் நடுவில் விழுவதும் இதே முக்கோணம்.