மாமரத்தடியும் பூக்குழியும்

எங்கள் ஊர் செஞ்சிக்குப் பக்கம். திரௌபதை அம்மன் தீமிதி என்றால் எங்களுக்கு அது பாதி சாவு வீடு, பாதி கல்யாண வீடு. காலையில் படுகளம். துரியோதனனை மண்ணால் பெரிய உருவமாகச் செய்து தரையில் படுக்க வைத்திருப்பார்கள். பீம வேஷக்காரர் தொடையில் அடித்ததும் உள்ளே புதைத்த சட்டியிலிருந்து சிவப்புத் தண்ணீர் வழியும். காந்தாரி வேஷம் போட்டவர் மாரடித்து ஒப்பாரி வைப்பார். சுற்றி நிற்கிற பெண்கள் அவரவர் வீட்டில் போனவர்களை நினைத்துக்கொண்டு அழுவார்கள். அம்மன் கூந்தலை முடிந்து பூ வைத்துக்கொண்ட பிறகுதான் சாயங்காலம் பூக்குழி. அழுது முடிக்காமல் தீ இறங்கி நான் பார்த்ததில்லை.

தென்னாப்பிரிக்காவின் டர்பனுக்கு வேலைக்கு வந்து மூன்று வருஷம் ஆகிறது. போன வருஷம் தை மாதம் அப்பா தவறிவிட்டார். டிக்கெட் எடுத்துப் போய்ச் சேர்வதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. தம்பி போனில் காட்டியதைத்தான் பார்த்தேன். பாடையைத் தூக்கும்போது எழுந்த "கோவிந்தா, கோவிந்தா" சத்தம் வரை கேட்டது. அப்புறம் லைன் போய்விட்டது.

நான் குடியிருப்பது டர்பனின் சாட்ஸ்வொர்த் பகுதியில், ஒரு ஆயா வீட்டின் பின்கட்டில். பாட்டியை இங்கே ஆயா என்றுதான் கூப்பிடுகிறார்கள், எங்கள் பக்கம் போலவே. அதில் ஆச்சரியமில்லை. 1860 நவம்பர் 16 அன்று மெட்ராஸிலிருந்து 342 பேரோடு ட்ரூரோ கப்பல் இங்கே வந்தது. 1911 வரை கரும்புத் தோட்டங்களுக்கும் மற்ற வேலைகளுக்கும் ஒப்பந்தக் கூலிகளாக ஒன்றரை லட்சம் பேருக்கு மேல் வந்தார்கள். அதில் வட ஆர்க்காட்டுக்காரர்கள் நிறைய. சொல்லும் அவர்களோடு கப்பலேறி வந்திருக்கும்.

"வருஷம் திரும்பிடுச்சில்ல கண்ணு? குட் ஃப்ரைடே அன்னிக்கு என்னோட செகண்ட் ரிவர் கோயிலுக்கு வா. தீமிதி பாக்கலாம்" என்றார் ஆயா. பங்குனியில் தீமிதி சரி, அது ஏன் புனித வெள்ளியில் என்று கேட்டேன். "வெள்ளைக்காரன் அன்னிக்குத்தானே லீவு குடுத்தான்" என்றார். ஏசுவுக்காக ஊரே துக்கம் காக்கிற நாளில் அம்மனுக்குப் பூக்குழி. எனக்கு அது பொருத்தமாகவே பட்டது.

டர்பனின் கேட்டோ மேனர் பகுதியில், பெல்லேர் ரோட்டில் இருக்கிறது ஆயா சொன்ன செகண்ட் ரிவர் கோயில், அம்பலவாணர் ஆலயம். உம்பிலோ ஆற்றங்கரையில் இருந்த பழைய கோயில் வெள்ளத்தில் போன பிறகு இங்கே எழுப்பியது. பழைய கோயிலின் செதுக்கு வேலைக் கதவுகள் இங்கே வந்துவிட்டன. அந்தக் கதவைக் கொஞ்ச நேரம் தொட்டுக்கொண்டு நின்றேன்.

ஆனால் அதற்கு முன்னால், ஆயா நேராகக் கோயிலுக்குப் போகவில்லை. வழியில் ஒரு வெற்று மனை ஓரமாகக் காரை நிறுத்தச் சொன்னார். இடுப்பளவு புல். நடுவில் கிளை பரப்பிய ஒரு மாமரம். "இது எங்க அப்பா வெச்ச மரம். அதோ, அங்கதான் அடுப்பங்கரை" என்று புல்லைக் காட்டினார். அங்கே ஒன்றுமே இல்லை. 1949 ஜனவரியில் ஆப்பிரிக்கர்களுக்கும் இந்தியர்களுக்கும் இடையே மூண்ட கலவரத்தில் டர்பனில் 142 பேர் செத்தார்கள். அதையும் தாங்கிக்கொண்டு இந்தப் பகுதியில் இருந்த குடும்பங்களை, 1950இல் வந்த, இனவாரியாகக் குடியிருப்புகளைப் பிரித்த குழுப் பகுதிச் சட்டம் கிளப்பியது. வெள்ளையருக்கான பகுதி என்று அறிவித்து, அறுபதுகளில் இந்தியர்களைச் சாட்ஸ்வொர்த்துக்கு அனுப்பி வீடுகளை இடித்தார்கள். ஆயா அப்போது பள்ளிக்கூடம் போகிற பெண். கோயில்களை விட்டுவைத்தார்கள். மரங்களும் தப்பித்தன.

ஆயா ஒரு கொத்து மாவிலை ஒடித்தார். ஒவ்வொரு இலையாக முந்தானையால் துடைத்து, காம்பில் வடிந்த பாலைப் புல்லில் தடவினார். துடைக்கும்போதே ஒவ்வொரு பெயராகச் சொன்னார். அப்பா, அம்மா, பெரியண்ணன், பிறந்து ஒன்பது நாளில் போன தங்கை. சத்தம் போட்டு அழவில்லை. நான் பார்த்தவரை இங்கே கோயிலில் படுகளம் போடவில்லை. அந்தப் புல்மேட்டில்தான் எனக்குப் படுகளம் கிடைத்தது. கடைசியாக ஒரு இலையை என்னிடம் நீட்டி, "உங்க அப்பா பேர சொல்லு" என்றார். சொன்னேன். பதினான்கு மாதமாக அந்தப் பெயரை வாய்விட்டுச் சொன்னதில்லை என்பது அப்போதுதான் உறைத்தது.

கோயிலில் எள் போட இடமில்லை. சாட்ஸ்வொர்த், ஃபீனிக்ஸ் என்று எங்கெங்கோ போய்விட்ட குடும்பங்கள் பழைய அண்டை வீட்டுக்காரர்களைக் கட்டிப்பிடித்துக்கொண்டிருந்தன. ஆயாவின் மாவிலையைக் கும்பத்துக்கு வாங்கிக்கொண்டார்கள். விறகு எரிந்து தணிந்து, கங்குகளை நீளக் கம்பால் சமப்படுத்தினார்கள். கயிற்றுக்கு இந்தப் பக்கம் நிற்கும்போதே முகம் காந்தியது. விரதம் இருந்தவர்கள் மஞ்சள் உடையில், நனைந்த தலையோடு வந்தார்கள். கரகம் முதலில் இறங்கியது. அம்மன் முந்தானை விரித்து வைத்திருக்கிறாள், அதன் மேல்தான் நடக்கிறார்கள் என்பாள் என் அம்மா. அவர்கள் நடந்தது அப்படித்தான் இருந்தது, அவசரமே இல்லாமல்.

அப்போது எழுந்தது அந்தச் சத்தம். "கோவிந்தா! கோவிந்தா!"

சபையில் சேலையை இழுத்தபோது இரண்டு கையையும் தூக்கிப் பாஞ்சாலி கூப்பிட்ட பெயர். போனில் பாதியில் அறுந்துபோன அதே பெயர். எனக்குக் கால் நிற்கவில்லை. ஆயா என் கையைப் பிடித்துத் தூக்கிக் காட்டினார். நானும் கத்தினேன். தொண்டை கட்டும் வரை கத்தினேன். பக்கத்தில் ஒரு சின்னப் பையன் அப்பா தோளில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டே கோவிந்தா போட்டான்.

கூட்டம் கலைந்ததும் ஆயா குழியோரச் சாம்பலில் ஒரு பிடி எடுத்து முந்தானையில் முடிந்துகொண்டார். திரும்பும்போது மறுபடி அந்த மரத்தடியில் காரை நிறுத்தச் சொன்னார். இருட்டிவிட்டது. போன் வெளிச்சத்தை நான் பிடிக்க, முடிச்சை அவிழ்த்துப் பாதிச் சாம்பலை வேரில் தூவினார். மீதியை ஒரு மாவிலையில் மடித்து என் கையில் வைத்தார்.

"ஊருக்குப் போகும்போது எடுத்துட்டுப் போ, கண்ணு. அப்பாவுக்கு."