சாமான் ஏற்கிற இடத்திலிருந்து

பெந்தோட்டைக்கும் பேருவளைக்கும் இடைப்பட்ட கடலோரத்தில் ஒரு பெரிய ஹோட்டலில் கொள்வனவுப் பிரிவில் வேலை பார்க்கிறேன். களஞ்சியத்தில் உதவியாளனாகச் சேர்ந்து, சாமான் ஏற்கிற இடத்துக்கு மாறி, இப்போது ஓடர் போடுகிற மேசைக்கு வந்திருக்கிறேன். விருந்தினர் முகத்தை அபூர்வமாகத்தான் பார்ப்பேன். அன்றாடம் பார்ப்பது லொறிக்காரர்களையும் மீன் முதலாளிகளையும் முட்டை கொண்டுவருபவரையும் லாண்டரி வானையும்தான். இலங்கையின் ஹோட்டல் தொழில் எப்படிப் போகிறது என்று யாராவது கேட்டால், அந்தப் பின்பக்கக் கேட்டில் நின்று கண்டதைத்தான் சொல்ல முடியும்.

பத்திரிகையில் வருவது தலைக் கணக்கு. இந்த மாதம் இத்தனை ஆயிரம் பேர் வந்தார்கள், போன வருடத்தை விட இவ்வளவு கூட என்று. அந்தக் கணக்கே ஒரு தனிக் கதைதான். 1966இல் உல்லாசப் பயணச் சபை அமைக்கப்பட்டபோது வருடத்துக்கு வந்தவர்கள் 19,000 பேர்கூட இல்லை. அதற்குப் பிறகுதான் எங்கள் பெந்தோட்டைக் கடற்கரை திட்டம் போட்டு விடுதி வலயமாக வளர்க்கப்பட்டது. கட்டடக் கலைஞர் ஜெப்ரி பாவா வரைந்த பெந்தோட்டை பீச் ஹோட்டல் அந்தக் காலத்தில் எழுந்தது. 1982இல் வருகை 4 இலட்சத்து 7 ஆயிரம். அடுத்த வருடம் ஜூலை இனக்கலவரம். நாடு எரிந்தது, போர் தொடங்கியது. 1987இல் வந்தவர்கள் 1 இலட்சத்து 83 ஆயிரம் பேர். இடையில் ஏறியும் இறங்கியும், சுனாமியையும் பார்த்துவிட்டு, போர் முடிந்த 2009இல் வந்து நின்ற எண்ணிக்கை 4 இலட்சத்து 48 ஆயிரம். அதாவது 27 வருடங்கள் கழித்து, கிட்டத்தட்டப் புறப்பட்ட இடத்திலேயே. அதன் பிறகு வந்த வேகம் பெரிது. 2018இல் 23 இலட்சத்து 34 ஆயிரம் பேர், சுமார் 438 கோடி அமெரிக்க டொலர் வருமானம். வெளிநாட்டில் வேலை செய்வோர் அனுப்பும் பணத்துக்கும் ஆடைத் தொழிற்சாலைகளுக்கும் அடுத்தபடியாக, நாட்டுக்கு அந்நியச் செலாவணி கொண்டுவருவதில் சுற்றுலா மூன்றாவது. அந்த வருடம் இத்துறையில் நேரடியாக வேலை பார்த்தவர்கள் சுமார் 169,000 பேர் என்றும், அதை நம்பி மறைமுகமாக வாழ்ந்தவர்கள் சுமார் 219,000 பேர் என்றும் கணக்கிட்டார்கள்.

அந்த இரண்டாவது எண்ணிக்கையில் இருப்பவர்கள்தான் எங்கள் கேட்டுக்கு வருகிறவர்கள்.

விடியற்காலையில் நுவரெலியா லொறி வந்துவிடும். கரட், லீக்ஸ், கோவா, சலாது இலை. முதல் நாள் பின்னேரம் தோட்டத்தில் பிடுங்கி, கழுவி, இரவோடு இரவாக ஹட்டன், அவிசாவளை, கொழும்பு வழியாகக் கீழே இறங்கிய சரக்கு. லொறிக்கார அண்ணன் என் ஊர்ப் பக்கத்து ஆள். என்னை விட வயதில் மூத்தவர். தராசில் ஏற்றும்போது சாக்கின் எடையைக் கழிப்போம், கோவாவில் வெளி இலையை உரித்துவிட்டு நிறுப்போம், லீக்ஸில் ஒரு கட்டை அவிழ்த்து நடுவில் அழுகல் இருக்கிறதா என்று பார்ப்போம். சமையலறையிலிருந்து ஒருவர் வந்து கரட்டை முறித்துப் பார்ப்பார். சரி என்றால்தான் நான் ஜி.ஆர்.என், அதாவது சரக்கு ஏற்றதற்கான சீட்டு, எழுதுவேன். ஒரு பிரதி அவருக்கு, ஒன்று கணக்குப் பிரிவுக்கு, ஒன்று எனக்கு. அந்தத் தாள் இல்லாமல் யாருக்கும் ஒரு சதம் போகாது. அப்புறம் பேருவளைத் துறைமுகத்திலிருந்து மீன். ஐஸ் போதுமா, செவுள் சிவப்பாக இருக்கிறதா, அறக்குளாவின் தோலை விரலால் அழுத்தினால் குழி விழுகிறதா, இதையெல்லாம் பார்க்க ஒரு நிமிடம் போதும். ஆனால் அந்த ஒரு நிமிடத்தில் மீன் முதலாளி மூச்சை அடக்கிக்கொண்டு நிற்பார். திருப்பி அனுப்பினால் அவருக்கு அன்றைய நாளே போச்சு.

ஒரு கிலோ லீக்ஸுக்கு நாங்கள் கொடுக்கும் காசில் பயிரிட்டவர், கழுவிக் கட்டியவர், லொறிக்கு டீசல் போட்டவர், உதவியாளர், வழியில் தேநீர்க் கடை வைத்திருப்பவர் என்று எத்தனை பேருக்குப் பங்கு இருக்கிறது. விருந்தினர் டொலரிலோ யூரோவிலோ கட்டிய பணம் பல கை மாறி ஒரு மலைத்தோட்டத்துக் குடும்பத்தின் பாடசாலைச் செலவாகிறது. ஹோட்டல் தொழில் நாட்டுக்கு என்ன செய்கிறது என்ற கேள்விக்கு இதை விட நேரான பதில் எனக்குத் தெரியாது.

ஆனால் அதே கேட் வழியாக வேறு சரக்கும் வருகிறது. கொழும்பிலிருந்து குளிரூட்டிய வண்டியில் வெண்ணெய், சீஸ், ஆட்டிறைச்சி, வைன், டின்னில் அடைத்த பழம், ஆலிவ் எண்ணெய். அதற்குக் கொடுக்கும் பணம் வந்த வழியே வெளிநாட்டுக்குத் திரும்பிப் போகிறது. நத்தார், புதுவருட பஃபே காலத்தில் ஹோட்டல் நிரம்பி வழியும், வருகைக் கணக்கும் உச்சத்தில் இருக்கும். இறக்குமதிப் பில் வேகமாக ஏறுவதும் அந்த நாட்களில்தான். எத்தனை பேர் வந்தார்கள் என்று கேட்பதோடு, அவர்கள் விட்டுச்சென்ற ஒவ்வொரு நூறு டொலரிலும் எவ்வளவு நாட்டுக்குள் தங்கியது என்றும் கேட்க வேண்டும். அந்தக் கேள்வியைத் தொழிலுக்கு உள்ளேயே அதிகம் பேர் கேட்டு நான் பார்த்ததில்லை.

ஊழியர்களுக்கு வந்து சேருவது சேர்விஸ் சார்ஜ். பில்லில் 10 வீதம் சேர்த்து வாங்கி எங்களுக்குள் பிரித்துக் கொடுப்பார்கள். டிசம்பர் முதல் மார்ச் வரை அது அடிப்படைச் சம்பளத்தைத் தாண்டிவிடும். அந்தக் காசில்தான் எங்கள் பையன்கள் வீட்டுக்குக் கொங்கிரீட் போட்டார்கள், தங்கச்சியைக் கட்டிக்கொடுத்தார்கள். மே மாதம் தென்மேற்குப் பருவக்காற்று தொடங்கியதும் கடல் கொந்தளிக்கும், அறைகள் காலியாகும், சேர்விஸ் சார்ஜ் சுருங்கும். அந்த மாதங்களில் கிழக்கே பாசிக்குடாவிலும் அறுகம்குடாவிலும் சீசன் என்பதால், சிலர் அந்தப் பக்கம் வேலைக்குப் போய்விட்டுத் திரும்புவார்கள். எங்கள் இடத்தில் இந்தப் பணம் ஊழியர் சேமலாப நிதிக் கணக்கில் சேருவதில்லை. நல்ல மாதத்தில் கை நிறைய வாங்கியவர் ஓய்வு பெறும்போது கிடைப்பது அடிப்படைச் சம்பளத்தை வைத்துப் போட்ட சிறிய தொகை. இது எனக்கு நெடுங்காலமாக உறுத்துகிற விஷயம்.

2019 ஏப்ரல் 21, உயிர்த்த ஞாயிறு. தேவாலயங்களோடு கொழும்பில் மூன்று ஹோட்டல்களிலும் குண்டு வெடித்தது. காலை உணவுக்கு நின்றுகொண்டிருந்த விருந்தினர்களோடு எங்கள் தொழிலைச் சேர்ந்தவர்களும் இறந்தார்கள். அந்த வாரத்துக்குள் எங்கள் ஹோட்டல் காலியாகிவிட்டது. ஓடர்களை ஒவ்வொன்றாகத் தொலைபேசியில் ரத்து செய்தது நான்தான். பெருமுயற்சியில் நிலைமை தேறி வரும்போதே கொரோனா. 2020 மார்ச்சில் மூடிய விமான நிலையம் பயணிகளுக்காக மறுபடி திறந்தது 2021 ஜனவரியில். அந்த 2021 முழு வருடத்திலும் நாட்டுக்கு வந்தவர்கள் இரண்டு இலட்சம்கூட இல்லை.

அந்தக் காலத்தில் பேசப்பட்டது ஹோட்டல்களின் வங்கிக் கடனைப் பற்றி. கடன் தவணையைத் தள்ளிப்போடச் சலுகை கிடைத்தது, அது தேவையும்கூட. ஆனால் ஹோட்டலுக்கு இன்னொரு கடன் இருந்தது. சரக்கு கொடுத்துவிட்டு 60 நாள், 90 நாள் என்று காத்திருக்கும் சிறிய ஆட்களுக்குத் தர வேண்டியது. பெரிய நிறுவனங்கள் சட்டத்தரணி மூலம் கடிதம் போட்டு வாங்கிக்கொண்டன. லொறிக்கார அண்ணன் மாதம் ஒரு தடவை எனக்குப் போன் பண்ணுவார். "தம்பி, பழைய பில்லு கொஞ்சம் கெடக்கே, ஐயாமார்கிட்ட கேட்டுச் சொல்லுங்களேன்" என்பார். குரலை உயர்த்த மாட்டார். அவருடைய வாகன லீசிங் தவணையைச் செலுத்த மனைவியின் நகையை அடகு வைத்தது எனக்குப் பிறகுதான் தெரியவந்தது. எங்கள் ஹோட்டல் அந்த இரண்டு வருடமும் உயிரோடு இருந்ததென்றால், வங்கியோடு சேர்த்து, இப்படிப்பட்டவர்கள் வட்டியில்லாமல் கொடுத்த கடனும் அதற்குக் காரணம். அது எந்த ஆண்டறிக்கையிலும் தனி வரியாக வரவில்லை.

2021 மே மாதம் இரசாயன உர இறக்குமதியைத் தடை செய்தார்கள். அந்த வருட முடிவுக்குள் விலக்கிக்கொண்டாலும் சேதம் நடந்துவிட்டது. விரல் தடிப்பில் கரட் வந்தது, லீக்ஸின் வெள்ளைப் பகுதி பாதியாகிவிட்டது, விலை மட்டும் ஏறியது. அடுத்து 2022. டொலர் 200 ரூபாவிலிருந்து சில வாரங்களில் 360 வரை போனது. ஏப்ரல் 12ஆம் திகதி வெளிநாட்டுக் கடனைத் திருப்பிச் செலுத்துவதை நிறுத்துவதாக அரசு அறிவித்தது. எரிவாயு இல்லை, டீசலுக்கு வரிசை, மணிக்கணக்கில் மின்வெட்டு. ஊழியர்களின் சாப்பாட்டை விறகில் சமைத்தோம். ஜெனரேட்டருக்கு டீசல் தேடி நான் அலைந்த அலைச்சலை நினைத்தால் இப்போதும் களைக்கிறது.

அப்போது இறக்குமதிச் சாமான் பலதும் கிடைக்காமல் போனது. கிடைத்தாலும் விலை கட்டுப்படியாகவில்லை. செஃபும் நானும் உட்கார்ந்து பட்டியலை வரி வரியாக வெட்டினோம். டின் பழம் போனது, வாழையும் பப்பாசியும் அன்னாசியும் வந்தன. வெளிநாட்டு ஜாம் போனது, பக்கத்து ஊர்ப் பெண்கள் சிலர் சேர்ந்து செய்யும் கொய்யா ஜாமும் விளாம்பழ ஜாமும் வந்தன. வரவேற்புப் பானத்துக்குச் செவ்விளநீர். பஃபேயில் ஆப்பத்துக்கும் பலா பிஞ்சுக் கறிக்கும் தனி இடம். விருந்தினர் முறைப்பாடு வரும் என்று பயந்துகொண்டிருந்தோம். வந்தது வேறு. ஆப்ப அடுப்பின் முன்னால் வரிசை நின்றது. இத்தனை வருடம் கொள்கலனில் இறக்கியதில் ஒரு பெரும் பகுதி விருந்தினர் கேட்டதே இல்லை, அவர்கள் கேட்பார்கள் என்று நாங்களே நினைத்துக்கொண்டது. நெருக்கடி வராவிட்டால் இந்தப் பட்டியலை யாரும் தொட்டிருக்க மாட்டோம் என்பதுதான் எனக்கு வருத்தம்.

பிறகு ஆட்கள் திரும்பி வந்தார்கள். 2023இல் 14 இலட்சத்து 87 ஆயிரம், 2024இல் 20 இலட்சத்து 53 ஆயிரம். இந்தியாவிலிருந்து மட்டும் 4 இலட்சத்துக்கு மேல். மீட்சி என்று எல்லோரும் எழுதினார்கள், சந்தோஷம்தான். ஆனால் 2024இன் வருமானம் சுமார் 317 கோடி டொலர். தலைக்கு வகுத்துப் பாருங்கள். 2018இல் ஒருவர் விட்டுச்சென்றது 1,900 டொலருக்குச் சற்றுக் குறைவு. 2024இல் 1,550க்கும் கீழே. தலைகள் திரும்பி வந்த அளவுக்குப் பணம் திரும்பி வரவில்லை. கட்டில் நிரம்பினால் போதும் என்று ஹோட்டல்கள் ஒன்றோடொன்று விலை குறைத்ததும் இதில் ஒரு காரணம் என்பது என் கருத்து. அறையைக் குறைந்த விலைக்குக் கொடுத்தால் அடுத்த அழுத்தம் நேரே என் மேசைக்கு வரும். கரட்டில் ஐந்து ரூபா குறைக்கச் சொல்லு, மீன்காரரிடம் பேசிப் பாரு என்பார்கள். அறை விலையில் விட்டுக்கொடுத்ததை மலையிலும் கடலிலும் இருப்பவரிடம் பிடிக்கப் பார்ப்பது எனக்குப் பிடிக்காத வேலை. பல சமயம் மறுத்திருக்கிறேன்.

சிறிய விருந்தினர் வீடுகளும் ஹோம்ஸ்டேக்களும் இப்போது எங்கள் வீதியிலேயே நிறைய. எங்கள் அறைகளை அவை பறிப்பதாகத் தொழிலில் உள்ளவர்கள் குறைப்படுகிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. அந்த வீட்டு அம்மா அளுத்கம சந்தையில் மரக்கறி வாங்குகிறார், பாணைப் பக்கத்துப் பேக்கரியில் எடுக்கிறார், மகன் முச்சக்கரவண்டி ஓட்டுகிறான். அங்கே கொடுத்த பணம் அந்த ஊரைத் தாண்டவே நாளாகும்.

ஆள் பற்றாக்குறைதான் இன்றைய பெரிய பிரச்சினை. 2022க்குப் பிறகு எங்கள் நல்ல சமையல்காரர்களும் வெயிட்டர்களும் துபாய்க்கும் கட்டாருக்கும் மாலைதீவுக்கும் போய்விட்டார்கள். அவர்கள் அனுப்பும் டொலரும் நாட்டுக்குத்தான் வருகிறது, வேறு தலைப்பில். போகிறவனை நான் தடுக்க மாட்டேன், அவனுக்கும் குடும்பம் இருக்கிறது. ஆனால் மீனைத் தொட்டதும் நல்லது கெட்டது சொல்லத் தெரிந்த ஒருவர் போனால், அந்த இடத்தை நிரப்ப இரண்டு மூன்று சீசன் பிடிக்கிறது. சீசனில் கொடுக்கிற சேர்விஸ் சார்ஜை மட்டும் காட்டி இனி ஆட்களை நிறுத்த முடியாது. அடிப்படைச் சம்பளம் ஏறித்தான் ஆக வேண்டும்.

கொள்வனவில் எங்களால் முடிந்ததைக் கொஞ்சம் மாற்றியிருக்கிறோம். மரக்கறி, மீன், முட்டை கொண்டுவரும் சிறிய ஆட்களுக்கு இப்போது 14 நாளில் காசு. கணக்குப் பிரிவை இணங்க வைக்க ஒரு வருடம் பேச வேண்டியிருந்தது. வெலிமடைப் பக்கத்து விவசாயிகள் சிலர் எங்களுக்கென்றே சலாது இலையும் சிறு தக்காளியும் போடுகிறார்கள். விதைக்கும் முன்பே எவ்வளவு எடுப்போம் என்று எழுதிக் கொடுத்துவிடுகிறோம். லொறிக்கார அண்ணன் நகையை மீட்டுவிட்டார், சரக்கைத் தராசில் ஏற்றிவிட்டு அதைச் சொன்னார். இந்த மாதம் உள்ளூர் வெண்ணெயில் பேக்கரி வேலை முழுவதையும் ஓட்ட முடியுமா என்று பார்த்துக்கொண்டிருக்கிறோம். கேக், பிஸ்கட் எல்லாம் சரியாகவே வருகிறது. குரோசான் மட்டும் மடிப்பு ஒட்டிக்கொள்கிறது, அதற்கு மட்டும் இன்னும் வெளிநாட்டு வெண்ணெய்தான்.