தேர்வுத்தாள் வரை எட்டாத மொழிகள்

அர்பா மிஞ்சு எத்தியோப்பியாவின் தெற்கில், அபயா, சாமோ என்ற இரண்டு ஏரிகளைப் பார்த்தபடி மலையடிவாரத்தில் இருக்கும் ஊர். அந்தப் பகுதியில்தான் நான் நீர்ப்பாசனப் பொறியியல் கற்பித்தேன். 2000-க்குப் பிறகு அந்த நாடு வரிசையாகப் புதிய பல்கலைக்கழகங்களைத் திறந்தது. உள்ளூரில் ஆசிரியர்கள் போதவில்லை. இந்தியாவிலிருந்து ஏராளமானோர் போனோம், தமிழ்நாட்டுக்காரர்களும் அதில் நிறைய. பாடமெல்லாம் ஆங்கிலத்தில். கேட்கிற மாணவர்களில் ஒருவருக்கும் அது வீட்டு மொழி கிடையாது, சொல்லித்தருகிற எனக்கும் கிடையாது.

பள்ளிப் படிப்பு முடிந்தவர்களை எந்தப் பல்கலைக்கழகத்துக்கு அனுப்புவது என்பதை அங்கே அப்போது கல்வி அமைச்சகமே முடிவு செய்தது. அதனால் வடக்கே மெக்கெலேயில் வளர்ந்தவன், கிழக்கே ஜிஜிகாவிலிருந்து வந்தவன், பக்கத்துக் காமோ மலையிலிருந்து இறங்கி வந்தவள் எல்லோரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்திருப்பார்கள். பெயருக்குப் பக்கத்தில் வீட்டில் பேசும் மொழியையும் எழுதச் சொல்லி ஒரு தாளைச் சுற்றுக்கு விட்டேன். அம்ஹாரிக், அஃபான் ஒரோமோ, திக்ரிஞ்ஞா, சோமாலி, சிடாமா, வோலைட்டா, காமோ, கொன்சோ, ஹதியா, குராகே என்று எழுதித் திரும்பி வந்தது. எண்பதுக்கும் மேற்பட்ட மொழிகள் உள்ள நாடு அது. 2007 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி அதிகம் பேரின் தாய்மொழி ஒரோமோ, ஏறத்தாழ 34 விழுக்காடு. அம்ஹாரிக் 29. பெரும்பான்மை என்று சொல்லிக்கொள்ள எந்த மொழிக்கும் எண்ணிக்கை கிடையாது.

1995 அரசியல் சட்டத்தின் ஐந்தாம் பிரிவு இதை ஒப்புக்கொண்டு எழுதப்பட்டது. எல்லா எத்தியோப்பிய மொழிகளுக்கும் சம அங்கீகாரம் உண்டு. நடுவண் அரசின் அலுவல் மொழி அம்ஹாரிக். மாநிலங்கள் தங்கள் அலுவல் மொழியைத் தாங்களே தேர்ந்துகொள்ளலாம். ஒரோமியா, திக்ரே, சோமாலி, அஃபார் மாநிலங்கள் தங்கள் மொழியைத் தேர்ந்துகொண்டன. நான் வாழ்ந்த தென் மாநிலத்தில் ஐம்பதுக்கு மேற்பட்ட இனங்கள். எதை எடுப்பது, எதை விடுவது? அவர்கள் அம்ஹாரிக்கையே வைத்துக்கொண்டார்கள். காமோ பேசும் ஊரில் கோப்பு முழுக்க அம்ஹாரிக்கில் நகர்வதற்குக் காரணம் இதுதான்.

அந்தப் பிரிவு எவ்வளவு பெரிய திருப்பம் என்பதை மூத்த சக ஆசிரியர்கள் சொல்லித்தான் முழுதாக உணர்ந்தேன். ஹைலே செலாசி பேரரசர் காலத்தில் பள்ளி, நீதிமன்றம், அச்சு எல்லாவற்றிலும் உள்நாட்டு மொழி என்றால் பெரும்பாலும் அம்ஹாரிக் மட்டும்தான். 1944-இல் வந்த ஆணை மிஷனரிப் பள்ளிகளையும் அதற்குள் கொண்டுவந்தது. 1955 அரசியல் சட்டம் அதை ஆட்சி மொழியாகவே எழுதிவைத்தது. லட்சக்கணக்கான ஒரோமோக்கள் தங்கள் மொழியில் ஒரு மனு எழுதிக் கொடுக்க முடியாது. 1974 புரட்சிக்குப் பின் வந்த ராணுவ அரசு, எத்தனையோ கொடுமைகளுக்கு நடுவிலும், 1979-இல் எழுத்தறிவு இயக்கம் ஒன்றைத் தொடங்கிப் பதினைந்து மொழிகளில் பாடநூல் அச்சிட்டது. எல்லாமே அம்ஹாரிக்கை எழுதும் கீஸ் எழுத்தில். 1991-இல் அந்த அரசு விழுந்ததும் ஒரோமோக்கள் கீஸை விட்டுவிட்டு, கூபே என்று அவர்கள் அழைக்கும் லத்தீன் எழுத்துக்கு மாறினார்கள்.

கீஸ் எழுத்தைப் பற்றி ஒரு சொல். எனக்கு அது மிகவும் பிடித்துப் போயிற்று. ஒவ்வொரு மெய்யும் ஏழு உயிர்களோடு சேர்ந்து ஏழு வடிவம் எடுக்கும். அம்ஹாரிக்கில் 33 வரிசை, 231 எழுத்து. க, கா, கி, கீ சொல்லி வளர்ந்த எவருக்கும் அந்த அட்டவணை அந்நியமாகத் தோன்றாது. நான் கடைப் பலகைகளை எழுத்துக்கூட்டி வாசிக்கப் பழகியதைப் பார்த்து அம்ஹாரா மாணவர்கள் மகிழ்ந்தார்கள். ஒரோமோ மாணவர்கள் மரியாதையாகப் புன்னகைத்தார்கள். ஒரு மொழியைக் கற்றுக்கொள்வதுகூட அங்கே ஒரு பக்கம் சாய்வதாகத் தெரியக்கூடும் என்று புரிந்ததும், கூபேயில் வணக்கமும் நன்றியும் எழுதவாவது பழகிக்கொண்டேன்.

வகுப்பறைக்கு வருகிறேன். 1994 கல்விக் கொள்கை தொடக்கக் கல்வியைத் தாய்மொழிக்குக் கொண்டுவந்தது. சில மாநிலங்களில் எட்டாம் வகுப்பு வரை கணக்கும் அறிவியலும்கூடத் தாய்மொழியில்தான். சில இடங்களில் அதற்கு முன்பே ஆங்கிலம் நுழைந்துவிடும். ஒன்பதாம் வகுப்பிலிருந்து எல்லோருக்கும் ஆங்கிலம். அதுவும் எப்படி? 2004 முதல் உயர்நிலைப் பள்ளிகளுக்குச் செயற்கைக்கோள் வழியாகப் பாடம் ஒளிபரப்பினார்கள். மாணவர்கள் அதை 'பிளாஸ்மா' என்பார்கள். தென்னாப்பிரிக்காவில் தயாரித்த ஆங்கிலப் பாடம் திரையில் ஓடும். புரியவில்லை என்று யாராவது கையைத் தூக்கினாலும் திரை நிற்காது. அந்தத் திரைக்கு முன்னால் நான்கு ஆண்டுகள் உட்கார்ந்திருந்தவர்கள்தான் என் முன்னால் உட்கார்ந்திருந்தார்கள்.

குல்ஃபோ ஆற்றுப் படுகையில் வாழைத் தோட்டங்கள் அதிகம். அங்கே மாணவர்களைக் களப்பணிக்கு அழைத்துப் போவேன். ஒருமுறை வயதான விவசாயி ஒருவர் தன் வயலின் ஒரு பகுதிக்கு ஏன் தண்ணீரைக் குறைத்து விடுகிறார் என்று காமோவில் விளக்கினார். காமோ மாணவன் ஒருவன் அதை அம்ஹாரிக்கில் சொன்னான். அம்ஹாரிக் பேசும் பஹிர் தார் நகரிலிருந்து வந்த மாணவி அதை எனக்கு ஆங்கிலத்தில் சொன்னாள். அவர் கைகளை ஆட்டி நெடுநேரம் பேசியதெல்லாம் என்னிடம் வந்து சேர்ந்தபோது "இந்த மண் நல்லதில்லையாம்" என்று சுருங்கியிருந்தது. எனக்கு அது போதவில்லை. அவர் சொன்னதை வரைந்து காட்டு என்று அந்தக் காமோ மாணவனிடமே சொன்னேன். அவன் குச்சியால் தரையில் கோடு கிழித்தான். கீழே நிலத்தடி நீர், மேலே வேர், தண்ணீரை அதிகம் பாய்ச்சினால் நீர்மட்டம் ஏறுவது, மண்ணின் நுண்துளை வழியாக உப்பு மேலே வந்து வெள்ளையாகப் பூப்பது. பாடநூலில் ஒரு முழு அத்தியாயம் அது. விவசாயிக்கு அனுபவத்தில் தெரிந்திருந்தது, பையனுக்கு அதன் இயற்பியல் புரிந்திருந்தது. வகுப்பில் அவன் வாய் திறந்து நான் கேட்டதே இல்லை.

அதே கேள்வி தேர்வில் வந்தது. ஆங்கிலத்தில் மூன்று வரி எழுதியிருந்தான், மூன்றும் பாடக் குறிப்பிலிருந்து மனப்பாடம் செய்தவை. படம் வரைந்து பெயர் குறித்தாலும் முழு மதிப்பெண் உண்டு என்று அடுத்த தேர்விலிருந்து கேள்வியின் அமைப்பை மாற்றிக்கொண்டேன். ஒரு பாடத்துக்கு நான் செய்ய முடிந்தது அவ்வளவுதான். தமிழ் வழியில் படித்துப் பொறியியல் கல்லூரிக்குப் போன தலைமுறை நான். முதல் பருவத்தில் பின் பெஞ்சில் உறைந்து உட்கார்ந்திருந்த எங்கள் ஊர்ப் பையன்களை எனக்குத் தெரியும். அண்ணா பல்கலைக்கழகம் 2010-இல்தான் கட்டடவியலையும் இயந்திரவியலையும் தமிழில் தொடங்கியது. அந்தப் பின் பெஞ்சு முகங்களை எத்தியோப்பியாவில் மறுபடியும் பார்க்க வலித்தது.

பயிற்சி வகுப்புகளில் எந்த மொழியில் வேண்டுமானாலும் பேசி விவாதிக்கலாம், விடையை மட்டும் ஆங்கிலத்தில் தந்தால் போதும் என்றேன். சத்தம் கூடியது, கணக்கும் நன்றாக வந்தது. ஆனால் கலப்பான குழுக்களில் பேச்சு தானாக அம்ஹாரிக்குக்குப் போய்விடும். எட்டாம் வகுப்பு வரை ஒரோமோவிலேயே படித்த சிலர் அப்போது ஆங்கிலத்துக்கு மாறுவார்கள். ஆங்கிலத்தில் சரளம் இருந்ததால் மாறவில்லை. அந்த அறையில் யாருக்கும் சொந்தமில்லாத மொழி அது ஒன்றுதான். பாட்டன் காலத்துச் சண்டை அதற்குள் ஏறி உட்கார்ந்திருக்கவில்லை. ஆப்பிரிக்காவில் ஐரோப்பிய மொழிகள் ஏன் இன்னும் நிலைத்திருக்கின்றன என்று பேசுகிறவர்கள் இதையும் கணக்கில் எடுக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

"இத்தனை மொழி எதற்கு, சிலவற்றைச் சேர்த்து ஒன்றாக்கிவிடலாமே" என்று அங்கே வந்த வெளிநாட்டு ஆசிரியர்கள் சிலர் சொல்லக் கேட்டிருக்கிறேன். அதைச் செய்தே பார்த்துவிட்டார்கள். வோலைட்டா, காமோ, கோஃபா, தாவ்ரோ நான்கும் நெருங்கிய உறவுள்ள மொழிகள். நான்கையும் கலந்து வோககோதா என்று ஒரு மொழியை உருவாக்கி, 1999-இல் பாடநூலே அச்சிட்டு வோலைட்டா பள்ளிகளுக்கு அனுப்பினார்கள். வோலைட்டா சோதோ நகரம் கொந்தளித்தது. ஆசிரியர்களும் மாணவர்களும் தெருவுக்கு வந்தார்கள். துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் போயின. நூல்களைத் திரும்பப் பெற்றார்கள். 2000-இல் வோலைட்டாவுக்குத் தனி மண்டலமும் கிடைத்தது. என் வகுப்பில் இருந்த ஒரு வோலைட்டாப் பெண் அப்போது தொடக்கப் பள்ளியில் படித்தவள். "அந்தப் புத்தகத்தைப் படித்தால் புரியும். ஆனால் எங்கள் வீட்டில் யாரும் அப்படிப் பேசமாட்டார்கள்" என்றாள். ஒரு மொழியில் எதைச் சேர்ப்பது, எதை நீக்குவது என்பதை அதைப் பேசுகிறவர்களைக் கேட்காமல் அலுவலக மேசையில் தீர்மானிக்கக் கூடாது. இதில் எனக்குத் துளியும் சந்தேகமில்லை.

நான் திரும்பி வந்த பிறகு நிறைய மாறியிருக்கிறது. 2020-இல் அஃபான் ஒரோமோ, திக்ரிஞ்ஞா, சோமாலி, அஃபார் நான்கையும் நடுவண் அரசின் அலுவல் மொழிகளாகச் சேர்க்கும் கொள்கையை அரசு அறிவித்தது. அதே ஆண்டில் சிடாமா தனி மாநிலமானது. 2023-இல் பழைய தென் மாநிலம் என்ற ஒன்றே இல்லாமல் போயிற்று. இந்த அங்கீகாரங்களை நான் மனதார வரவேற்கிறேன். ஆனால் பல்கலைக்கழகக் கதவைத் திறக்கும் பன்னிரண்டாம் வகுப்புத் தேர்வு ஆங்கிலத்தில்தான் நடக்கிறது. எட்டு ஆண்டுகள் தாய்மொழியில் படித்தவர்கள் அறிவியலில் நன்றாகச் செய்கிறார்கள் என்று கல்வி அமைச்சகத்துக்காக நடத்தப்பட்ட ஆய்வே காட்டிய நாடு அது. அங்கே அந்த எட்டு ஆண்டுகளை மேலே கொண்டுபோகப் பாடநூல், ஆசிரியர் பயிற்சி, கலைச்சொல் என்று எவ்வளவோ வேலை பாக்கி.

கலைச்சொல்லில் மட்டும் என் மாணவர்கள் ஒரு சிறு தொடக்கம் செய்தார்கள். மதகு, வாய்க்கால், வண்டல், கசிவு, உவர் நிலம் என்று பாசனத்தில் புழங்கும் சொற்களை எடுத்துக்கொண்டு, விடுமுறையில் ஊருக்குப் போனபோது வீட்டுப் பெரியவர்களையும் விவசாயிகளையும் கேட்டு அவரவர் மொழியில் எழுதிவந்தார்கள். அம்ஹாரிக், ஒரோமோ, வோலைட்டா, காமோ நான்கும் நான்கு பத்தியாக, எழுத்து இரண்டு வகையாக. கொன்சோக்காரர்கள் மலைச்சரிவில் கல்லடுக்கிப் படிவயல் கட்டுவதில் பேர்போனவர்கள். கொன்சோவுக்கும் ஒரு பத்தி வேண்டும் என்று அந்த ஊர் மாணவன் கேட்டான். படிவயலின் ஒவ்வொரு பாகத்துக்கும் அவர்களிடம் தனித்தனிப் பெயர் இருந்தது. அந்தப் பத்தியில் அவன் எழுதிய பல சொற்களுக்கு எதிரே ஆங்கிலப் பத்தியில் எழுத எங்களுக்குச் சொல் கிடைக்கவில்லை. கட்டங்களைக் காலியாகவே விட்டு நகலெடுத்து எல்லோருக்கும் கொடுத்தோம்.