பெயர்ப்பலகை மேல் கேஸ் போட்ட கதை

குடியிருந்த அபார்ட்மென்ட் வளாகத்தின் மேல் நான் போட்ட கேஸ் முடிந்துவிட்டது. ஜெயித்தாயா என்று கேட்டால் ஆமாம் என்றுதான் சொல்ல வேண்டும். ஆனால் எட்டாயிரத்துச் சொச்சம் டாலர் கேட்டதில், கால்பங்குக்குக் கொஞ்சம் மேலேதான் கையில் வந்தது. மீதி எப்படிப் போனது என்பதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். கலிஃபோர்னியாவில் பெரிய அபார்ட்மென்ட் வளாகங்களில் குடியிருக்கும் நம்மவர்கள் யாராவது சிறு தொகை வழக்குகளுக்கான ஸ்மால் கிளெய்ம்ஸ் கோர்ட் பக்கம் போக நினைத்தால், நான் விழுந்த குழிகளையாவது தெரிந்துகொண்டு போங்கள்.

சான் ஃபிரான்சிஸ்கோ பே ஏரியாவில், 1986-இல் கட்டிய வளாகம். இரண்டு படுக்கையறை, மாதம் 2,950 டாலர். 2024 மே கடைசியில் மின்னஞ்சலில் கடிதம் வந்தது: ஆகஸ்ட் முதல் 3,390. கிட்டத்தட்ட 15 சதவீத ஏற்றம். லீசிங் ஆபீசுக்குப் போய்க் கேட்டேன். அங்கே இருந்த பெண் சிரித்த முகமாகவே, "விலையை நாங்கள் போடுவதில்லை, சிஸ்டம்தான் போடுகிறது. நாளைக்கு வந்தால் இன்னும் ஏறியிருக்கலாம்" என்றாள். பயந்துபோய் அன்றைக்கே கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தேன்.

அந்த 'சிஸ்டம்' என்ற சொல் அப்போது எனக்கு ஒன்றுமில்லை. மூன்று மாதம் கழித்து, 2024 ஆகஸ்டில், அமெரிக்க அரசின் நீதித்துறை ரியல்பேஜ் என்ற டெக்சாஸ் மென்பொருள் கம்பெனி மேல் வழக்குப் போட்டது. கலிஃபோர்னியா உட்பட எட்டு மாநிலங்களும் கூடவே நின்றன. போட்டிபோட வேண்டிய கம்பெனிகள் வெளியே தெரியாத வாடகை விவரங்களை ஒரே மென்பொருளுக்குள் கொட்டுகின்றன, அது எல்லோருக்கும் விலை சொல்லிக் கொடுக்கிறது என்பது குற்றச்சாட்டு. புரோபப்ளிகா என்ற புலனாய்வுச் செய்தி நிறுவனம் 2022 அக்டோபரிலேயே இதைத் துருவி எழுதியிருந்தது. 2025 ஜனவரியில் ஆறு பெரிய வாடகைக் கம்பெனிகளையும் அந்த வழக்கில் சேர்த்தார்கள். ஆபீசில் சாப்பாட்டு மேசையில் இதுதான் பேச்சு. "பெரிய கேஸ் நடக்குதுல்ல, நமக்கும் செக் வரும்" என்று நண்பர்கள் சொல்ல, நானும் சும்மா இருந்தேன். அப்படி இருக்காதீர்கள். அரசாங்கம் போட்ட வழக்கு, அந்த மென்பொருள் இனி எப்படி நடக்க வேண்டும் என்பதைப் பற்றியது. குடியிருப்போர் எல்லோருக்குமாகச் சேர்த்து நடக்கும் கூட்டு வழக்கான கிளாஸ் ஆக்‌ஷன் வேறு, அது டென்னசியில் வருடக்கணக்காகப் போகிறது. நீங்கள் கூடுதலாகக் கட்டிய வாடகையை அப்படியே முழுதாக இரண்டும் தேடி வந்து தராது.

எனக்கு உதவியது ஏபி 1482 என்ற பழைய மாநிலச் சட்டம். கட்டி 15 வருடம் தாண்டிய பெரும்பாலான அடுக்ககங்களில் ஒரு வருடத்துக்கு 5 சதவீதமும் அந்தப் பகுதியின் விலைவாசி ஏற்றமும் சேர்த்துத்தான் வாடகை ஏற்றலாம். என்ன ஆனாலும் 10-ஐத் தாண்டக் கூடாது. எங்கள் பகுதிக்கு அந்த ஆகஸ்டில் வரம்பு 8.8 சதவீதம். அதாவது 3,209 டாலர் 60 சென்ட். மாதம் 180 டாலர் 40 சென்ட் கூடுதலாகக் கட்டிக்கொண்டிருந்தேன். இதை ஆபீசில் ஒரு சீனியர் அண்ணன் பேச்சுவாக்கில் சொல்லித்தான் தெரியும். அதற்குள் எட்டு மாதம் போயிருந்தது. லீஸில் கையெழுத்துப் போட்டதால் உரிமை போய்விட்டது என்று நினைத்திருந்தேன். போகாது. அந்த உரிமையை விட்டுக்கொடுக்கிறேன் என்று எழுதிக் கொடுத்தாலும் செல்லாது.

வாடகை மட்டும் என்றால் ஒருவேளை விட்டிருப்பேன். கார் நிறுத்தும் இடத்தின் பக்கவாட்டுக் கேட் 2024 அக்டோபரிலிருந்து பூட்டவே இல்லை. யார் வேண்டுமானாலும் உள்ளே வரலாம். எங்கள் வாசல் கதவின் டெட்போல்ட் பூட்டும் பாதியில் நின்றுவிடும். குடியிருப்போருக்கான இணையதளமான போர்ட்டலில் புகார் போட்டால் இரண்டு நாளில் 'முடிந்தது' என்று பதில் வரும், ஆள் மட்டும் வரமாட்டார். டெட்போல்ட் விஷயத்தில் ஒரு சின்ன வெற்றி உண்டு. வாசல் கதவில் வேலை செய்யும் டெட்போல்ட் இருக்க வேண்டும் என்று மாநில உரிமையியல் சட்டமான சிவில் கோடின் 1941.3-ஆம் பிரிவு சொல்கிறது. அந்த எண்ணை மட்டும் போட்டு நான்கு வரி மின்னஞ்சல் அனுப்பினேன். ஐந்து வாரமாக வராதவர் மறுநாள் காலை எட்டரைக்குக் கதவைத் தட்டினார். சட்டப்பிரிவு எண்ணுக்கு அப்படி ஒரு மந்திர சக்தி! கேட்டுக்கு அப்படி ஒரு எண் என்னிடம் இல்லை. 2025 மார்ச்சில் ஒரு ராத்திரி கார்க் கண்ணாடியை உடைத்து லேப்டாப் பையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள்.

ஜூலைக் கடைசியில் வீடு மாறினோம். இதில்தான் என் கேஸின் பாதி உயிர் போனது. சாவியைத் திருப்பிக் கொடுத்த மறுவாரம் போர்ட்டல் கணக்கை மூடிவிட்டார்கள். கேட் பற்றி நான் போட்ட அத்தனை புகார்களும் அதற்குள். என்னிடம் மிஞ்சியது நான்கு ஸ்கிரீன்ஷாட், ஒன்றிலும் தேதி இல்லை. தயவுசெய்து, காலி செய்கிறேன் என்று நோட்டீஸ் கொடுப்பதற்கு முன்பே புகார்கள், வாடகைக் கணக்கு, லீஸ் எல்லாவற்றையும் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். அதைவிட நல்லது, போர்ட்டலில் போடும் ஒவ்வொரு புகாரையும் அன்றைக்கே மின்னஞ்சலிலும் அனுப்புவது.

கேஸ் போடப் போகிறேன் என்றதும் மனைவிக்கு முதல் கவலை கிரீன் கார்டு. ஸ்மால் கிளெய்ம்ஸ் வெறும் சிவில் வழக்கு. கடைசி வரை யாரும் விசாவைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. மதுரையிலிருந்து அப்பா போனில், "வாடகைக்கு இருந்த வீட்டுக்காரர்கிட்ட எதுக்குப்பா மல்லுக்கு நிக்கிற? ஒரு எட்டு போய் நேர்ல பேசிப் பாரு" என்றார். சிம்மக்கல்லில் நாங்கள் குடியிருந்த வீட்டின் ஓனர் மாடியிலேயே இருப்பார். சண்டை போட்டாலும் பொங்கலுக்குக் கரும்பு கொடுத்து அனுப்புவார். இங்கே நேரில் பார்க்க ஓனர் என்று ஒரு மனிதர் வேண்டுமே!

சரி, எஸ்சி-100 என்ற படிவத்தை நிரப்பினேன். தனிநபர் 12,500 டாலர் வரை கேட்கலாம், 5,000-க்கு மேல் கேட்டால் கட்டணம் 75. கூடுதல் வாடகை பன்னிரண்டு மாதத்துக்கு 2,164 டாலர் 80 சென்ட். வேண்டுமென்றே செய்திருந்தால் மூன்று மடங்கு வரை கேட்கலாம் என்று 2024 ஏப்ரலிலிருந்து விதி இருப்பதால் மூன்று மடங்கு கேட்டேன், கூடவே காரும் லேப்டாப்பும். எல்லாம் சரியாகப் போட்டுவிட்டு, யார் மேல் வழக்கு என்ற கட்டத்தில் வளாகத்தின் வாசலில் பெரிய எழுத்தில் இருக்கும் பெயரை எழுதினேன். முதல் நாள் போனபோது மணி மூன்று பத்து, கவுன்டர் மூன்றுக்கே மூடிவிட்டார்கள். இன்னொரு நாள் லீவு போட்டுப் போய்க் கொடுத்தேன். வாங்கிக்கொண்ட அம்மா பெயரைப் பார்த்துப் புருவத்தைத் தூக்கினார். "சரியாக இருக்கிறதா?" என்றேன். "நாங்கள் சட்ட ஆலோசனை தருவதில்லை." முத்திரை குத்திக் கொடுத்துவிட்டார். அந்தப் புருவத்துக்கு அன்றைக்கு அர்த்தம் தெரிந்திருந்தால் இரண்டரை மாதம் மிச்சமாகியிருக்கும்.

சம்மனைக் கோர்ட் மூலமே பதிவுத் தபாலில் அனுப்பச் சொன்னேன், மலிவு என்று. லீசிங் ஆபீசில் யாரோ கிறுக்கிய கையெழுத்தோடு அட்டை திரும்பி வந்தது. கையெழுத்து யாருடையது என்று தெரியாவிட்டால் செல்லாது என்றார்கள். அப்போதுதான் ஸ்மால் கிளெய்ம்ஸ் ஆலோசகர் என்று ஒருவர் ஒவ்வொரு கவுண்டியிலும் (நம்மூர் மாவட்டம் மாதிரி) இலவசமாக இருக்கிறார் என்று கண்டுபிடித்தேன். போனில் இருபது நிமிடம் பேசினார். "கையெழுத்து இருக்கட்டும், நீங்கள் வழக்குப் போட்டிருப்பது ஒரு போர்டு மேல்" என்றார். வாசலில் இருப்பது வெறும் வியாபாரப் பெயர். கட்டடம் ஒரு எல்எல்சிக்கு, அதாவது பொறுப்பு வரம்புள்ள ஒரு கம்பெனிக்குச் சொந்தம், அதை நடத்துவது வேறொரு நிர்வாகக் கம்பெனி. லீஸின் முதல் பக்கத்திலேயே பொடி எழுத்தில் இரண்டும் இருந்தன. இல்லையென்றாலும் கவலையில்லை, சம்மனை யாரிடம் கொடுப்பது என்று வீட்டு உரிமையாளர் எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்பது சட்டம். மாநிலச் செயலாளர் அலுவலக இணையதளத்தில் அந்தப் பெயரைத் தேடினால் சம்மன் வாங்கும் முகவரின் விலாசம் இலவசமாகக் கிடைக்கும். இரண்டு பெயரையும் போடுங்கள். ஒன்றைப் போட்டால் அது இன்னொன்றைக் கைகாட்டும்.

திருத்திய மனு, புதுத் தேதி. முகவர் சாக்ரமென்டோவில். 90 டாலர் கொடுத்து, சம்மனைக் கொண்டுபோய்க் கொடுக்கும் பிராசஸ் சர்வர் ஒருவரை அமர்த்தினேன், வழக்குப் போட்டவரே கொண்டுபோய்க் கொடுக்கக் கூடாது என்பதால். அவரும் கையில் கொடுத்துவிட்டார், விசாரணைக்கு 17 நாள் இருக்கும்போது. 15 நாள் போதும் என்று படித்திருந்தேன். அது எதிராளி அதே கவுண்டியில் இருந்தால். வெளிக் கவுண்டி என்றால் 20. டிசம்பரில் லீவு போட்டு, டை கட்டிக்கொண்டு, மூன்று பிரதி எடுத்த கோப்போடு போய் உட்கார்ந்தால், எதிர்த்தரப்பு நாற்காலி காலி. நீதிபதி இரண்டு நிமிடத்தில் ஜனவரிக்குத் தள்ளிவைத்துவிட்டார். வெளியே வந்து காரில் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

ஜனவரியில் கம்பெனியின் ரீஜனல் மேனேஜர் வந்திருந்தார். இங்கே வக்கீல் வைத்து வாதாட முடியாது என்பது நமக்குப் பெரிய நிம்மதி. கணவன் மனைவி சேர்ந்து போட்ட வழக்கில் ஒருவர் மற்றவருக்காகவும் பேசலாம் என்பதால் நான் மட்டும் போனேன். அன்றைக்கு நீதிபதி இடத்தில் இருந்தவர் தற்காலிகமாக அமர்ந்த ஒரு பெண் வக்கீல். வாடகை விஷயம் நான்கு நிமிடம்கூட ஆகவில்லை. பழைய லீஸ், புது லீஸ், கட்டிய கணக்கு, கட்டடம் 1986 என்று காட்டும் கவுண்டி வரிப் பதிவு. மேனேஜர் "மார்க்கெட் விலை" என்று ஆரம்பித்தார். மார்க்கெட்டைப் பற்றி நான் கேட்கவில்லையே என்றார் நீதிபதி. அந்த ஒரு வரிக்காகவே மூன்று லீவும் தகும் என்று அந்த நொடியில் தோன்றியது.

அந்தச் சந்தோஷம் கேட் வரைக்கும்தான். கேட் உடைந்திருப்பது அவர்களுக்குத் தெரியும் என்பதற்கு என்ன ஆதாரம் என்றார் நீதிபதி. போர்ட்டலில் போட்டேன். காட்டுங்கள். தேதியில்லாத நான்கு ஸ்கிரீன்ஷாட்டைக் கொடுத்தேன். மேனேஜர் தன் காகிதத்தைப் புரட்டி, "எங்கள் பதிவில் ஒரே ஒரு புகார், அதுவும் சரிசெய்து முடித்தது" என்றார். எனக்குக் காது சூடாகிவிட்டது. எஸ்சி-107 என்ற படிவம் போட்டு அவர்களுடைய பராமரிப்புப் பதிவு முழுவதையும் கொண்டுவரச் சொல்லியிருக்கலாம் என்பது பிறகு தெரிந்தது. அதே இடத்தில் முன்பு வேறு கார்கள் உடைக்கப்பட்டனவா என்றும் நீதிபதி கேட்டார். உடைக்கப்பட்டன, மூன்று பேரை எனக்கே தெரியும். வெளியாள் செய்த திருட்டுக்கு வளாகத்தைப் பொறுப்பாக்க, இது நடக்கக்கூடும் என்று அவர்கள் எதிர்பார்த்திருக்க வேண்டும் என்று காட்ட வேண்டுமாம். அந்த மூன்று பேரின் போலீஸ் புகார் எண்ணோ, கையெழுத்திட்ட ஒரு தாளோ இருந்திருந்தால் போதும். பக்கத்து பிளாக் தெலுங்கு நண்பர் தருகிறேன் என்று தானாகவே சொன்னார். அலட்சியமாக விட்டது நான்.

பிப்ரவரியில் தபாலில் தீர்ப்பு. கூடுதல் வாடகை முழுதும், 75 டாலர் கட்டணம், 90 டாலர் பிராசஸ் சர்வர் செலவு. மொத்தம் 2,329 டாலர் 80 சென்ட். வேண்டுமென்றே செய்தது நிரூபணமாகவில்லை, மூன்று மடங்கு இல்லை. கார், லேப்டாப் இல்லை. வழக்குப் போட்டவர் அப்பீல் போக முடியாது, எதிராளிதான் 30 நாளுக்குள் போகலாம். இதைத் தெரிந்துகொண்டு உள்ளே நுழையுங்கள், இரண்டாவது வாய்ப்பு கிடையாது. அவர்கள் போகவில்லை.

மார்ச் கடைசியில் செக் வந்தது. அப்பாவிடம் சொன்னேன். "ஓனர் கையெழுத்துப் போட்டுக் குடுத்தாரா?" என்று கேட்டார். எடுத்துப் பார்த்தேன். வாசல் போர்டில் இருந்த பெயர் இல்லை, எல்எல்சி இல்லை, நிர்வாகக் கம்பெனியும் இல்லை. வேறு மாநில விலாசத்தோடு நான் கேள்வியே படாத நான்காவது ஒரு பெயர்.

செக்கில் என் பெயரும் மனைவி பெயரும் சேர்ந்து இருப்பதால் இருவரும் கையெழுத்துப் போட்டால்தான் பேங்கில் எடுப்பார்களாம். அவள் தங்கையின் வளைகாப்புக்கு மதுரை போயிருக்கிறாள், 12-ஆம் தேதிதான் வருகிறாள். அதுவரை செக் சமையலறை அலமாரியில், புது வீட்டு லீஸின் அடியில் இருக்கிறது. அந்த லீஸின் முதல் பக்கப் பொடி எழுத்தை இந்த முறை படித்துவிட்டேன்.