மணிவண்ணன் வாரம்

ஜூன் 9, 2024, ஞாயிறு
வரும் சனிக்கிழமையோடு இயக்குநரும் நடிகருமான மணிவண்ணன் போய் 11 வருஷம். அறுபதைக்கூடத் தொடவில்லை அவர். இந்த வாரம் முடிந்தவரை இரவில் அவர் படம் பார்ப்பது என்று முடிவு. எங்கள் நாடகத்துக்கு வசனம் எழுத உட்கார்ந்தால் இரண்டாம் காட்சியிலேயே நின்றுவிடுகிறது. அதற்கும் ஏதாவது வழி கிடைக்கலாம்.

ஜூன் 10, திங்கள்
நிழல்கள் (1980). சூலூரிலிருந்து வந்து பாரதிராஜாவிடம் சேர்ந்தவர் கதை வசனம் எழுதிய படம். ஓடவில்லை. ஆனால் அடுத்த வருஷமே அலைகள் ஓய்வதில்லை படத்திலும் அவரையே எழுத வைத்தார் பாரதிராஜா. அந்த நம்பிக்கையை நினைத்தால் மனசு நெகிழ்கிறது.

ஜூன் 12, புதன்
நேற்று முடியவில்லை. இன்று அவர் இயக்கிய ‘நூறாவது நாள்’ படம். மொட்டைத் தலையும் வட்டக் கண்ணாடியுமாக சத்யராஜ். 1984-ல் தியேட்டரில் பார்த்தவர்கள் எப்படித் தூங்கினார்களோ!

ஜூன் 13, வியாழன்
அமைதிப்படை (1994). எழுதி, இயக்கி, மணிமாறனாக நடித்தும் இருக்கிறார். ஓட்டு எண்ணும் காட்சியை மட்டும் நான்கு முறை ஓட்டிப் பார்த்தேன். முதலில் நாற்காலி நுனியில் ஒடுங்கி உட்கார்ந்திருக்கிறார் அமாவாசையாக வரும் சத்யராஜ். ஓட்டு ஏற ஏற உடம்பு மெல்லப் பின்னால் சாய்கிறது. இதுவரை சத்யராஜையே பார்த்திருக்கிறேன். இன்று பக்கத்தில் இருக்கும் மணிவண்ணனைப் பார்த்தேன். ஆளை உருவாக்கியவனே அந்த ஆளைக் கண்டு மிரளுவது அந்த முகத்தில்தான் தெரிகிறது. அந்த முகம் இல்லாவிட்டால் சத்யராஜ் சாய்ந்து உட்கார்வது வெறும் சாய்வுதான். காட்சியை நண்பருக்குக் கொடுத்துவிட்டு, அதைப் பார்த்து மிரளும் வேலையைத் தனக்கு வைத்துக்கொண்டார். எழுதத் தெரிந்த நடிகருக்குத்தான் இது வரும் என்று உறுதியாக நம்புகிறேன்.

ஜூன் 15, சனி
முதல்வன் (1999). ஒரு நாள் முதல்வர் அர்ஜுனோடு அலையும் செயலாளர். வசனம் சுஜாதா, இயக்கம் ஷங்கர்; இவர் நடிக்க மட்டுமே வந்தார். இங்கேயும் அடுத்தவர் பேசும்போதுதான் இவர் முகம் வேலை செய்கிறது. 400 படங்களுக்கு மேல் நடித்தவர் என்கிறார்கள். அத்தனையிலும் இப்படிக் கேட்டுக்கொண்டே நின்றிருப்பார் போல.

அப்புறம் நோட்டை எடுத்தேன். இரண்டாம் காட்சியில் பெரியப்பா பேசும் ஒரு பக்கத்தில் பாதியை அடித்தேன். எதிரே சும்மா நின்ற தம்பிக்கு வெற்றிலை மடிக்கும் வேலை கொடுத்தேன். பாகப்பிரிவினை என்ற சொல் காதில் விழும்போது கை நிற்க வேண்டும். மணி இரண்டரை. மூன்றாம் காட்சி ஓடிக்கொண்டிருக்கிறது.