தண்ணீருக்குள் நிற்கும் ரோஜா

சதுப்பு ரோஜா என்ற காட்டு ரோஜாவைப் பார்க்கப் போய், நேற்று இரவுதான் திரும்பினேன். முதலில் வயிற்றெரிச்சலைக் கொட்டிவிடுகிறேன். நியூஜெர்சியில் இருக்கும் கிரேட் ஸ்வாம்ப் வனவிலங்குப் புகலிடத்துக்குச் சொந்தக் கார் இல்லாமல் போகாதீர்கள். மில்லிங்டன் ஸ்டேஷனில் இறங்கி வாடகைக் கார் பிடித்தேன். சில மைல் தூரம்தான். 20 டாலர் என்று பேசி ஏற்றிக்கொண்டவர், இறங்கும்போது 40 கேட்டார். திரும்பி வரச் சவாரி கிடைக்காதாம்! அதை ஏறும்போதே சொல்லியிருக்க வேண்டாமா? மதியச் சாப்பாட்டுக் காசு அதிலேயே போயிற்று. நல்லவேளை, உள்ளே நுழையக் கட்டணம் கிடையாது.

சரி, ரோஜாவுக்கு வருகிறேன். மரப் பலகைப் பாதையில் ஒரு வளைவு திரும்பியதும் வாசனைதான் முதலில் வந்தது. எட்டிப் பார்த்தால், ஆளுயரப் புதர் முழுக்க இளஞ்சிவப்புப் பூக்கள். ஒவ்வொன்றிலும் ஐந்தே இதழ்கள், நடுவே மஞ்சள் மகரந்தக் கொத்து. அடித்தண்டு கலங்கிய தண்ணீருக்குள் இருக்கிறது! தண்ணீர் தேங்கினால் ரோஜா வேர் அழுகிவிடும் என்று தொட்டியில் வளர்க்கும் எல்லோரும் பயப்படுவோம். இந்தச் சதுப்பு ரோஜாவுக்குச் சேறுதான் வீடு. கனடாவின் நோவா ஸ்கோஷியா முதல் புளோரிடா வரை இப்படித்தான் வளர்கிறது.

அரை மணி நேரம் அங்கேயே நின்றேன். பம்பிள் தேனீ ஒன்று பூவைக் கட்டிக்கொண்டு உடம்பை அதிரவைக்கிறது. ரீங்காரம் சட்டென்று சுருதி ஏறுகிறது, மகரந்தம் உதிர்கிறது. அதற்காகத்தான் வருகிறது, தேனுக்காக இல்லை. கிட்டே போனால் கொக்கி முள் சட்டையைப் பிடித்து இழுக்கும், ஜாக்கிரதை.

இந்த இடத்தில் விமான நிலையம் கட்ட 1959இல் திட்டம் போட்டார்கள். ஊர் மக்கள் பணம் திரட்டி, நிலத்தை வாங்கி, அரசுக்கே கொடுத்து 1960இல் புகலிடமாக்கிவிட்டார்கள். நியூயார்க்கின் டைம்ஸ் ஸ்கொயரிலிருந்து வெறும் 26 மைலில் இந்தப் பூ இன்னும் பூப்பது அவர்கள் தயவு.

ஜூன் கடைசியில் போங்கள். வருடத்துக்கு ஒரே பருவம்தான் பூக்கும். கொசு, உண்ணி இரண்டும் உண்டு, முழுக்கால் பேன்ட் கட்டாயம். அப்புறம், கொத்துக் கொத்தாக வெள்ளைப் பூ பூக்கும் முள்புதரைப் பார்த்து ஏமாறாதீர்கள். அது கிழக்காசியாவிலிருந்து வந்து பரவிய மல்டிஃப்ளோரா என்ற வேறு வகை ரோஜா.

இலையுதிர் காலத்தில் சதுப்பு ரோஜாவின் காய்கள் செக்கச்செவேல் என்று பழுத்து நிற்குமாம். கார் வைத்திருக்கும் நண்பரிடம் இப்போதே சொல்லி வைத்துவிட்டேன், பெட்ரோல் செலவில் பாதி என்னுடையது.